பத்தொன்பது பேருக்கு ஒரு மாப்பிள்ளை

எனக்குக் கல்யாணம் நடந்தபோது வயது பதினைந்து, அக்காவுக்குப் பதினேழு, இரண்டு பேருக்கும் ஒரே கிழமையில் ஒரே மாப்பிள்ளையோடுதான் நடந்தது. எங்கள் நாவல்கண்டலில் அந்த மாசி மாதத்தில் மட்டும் பத்தொன்பது பெண்பிள்ளைகள் அந்த ஒருவரையே கட்டிக்கொண்டோம் என்று சொன்னால் இப்போது கேட்கிறவர்கள் என்னை ஒரு மாதிரிப் பார்க்கிறார்கள். பார்க்கட்டும். அவர்களில் பாதிப்பேருக்குத் தங்கள் வீட்டு மாப்பிள்ளையை முழுதாகத் தெரியாது, எங்களுக்கு எங்கள் மாப்பிள்ளையைத் தலைமுடி முதல் காலில் போட்ட சப்பாத்து வரை தெரியும், ஏனென்றால் அவர் படமாக இருந்தார்.

சண்டைக்கு வீட்டுக்கு ஒருவர் என்று இயக்கம் கேட்ட காலம் அது. பிறகு ஒருவர் போதாமல் போனது, பிறகு வயதும் பார்க்காமல் போனது, ஆனால் கல்யாணம் கட்டிய பெண்களை மட்டும் விட்டுவிடுவார்கள் என்று ஒரு நடைமுறை மிஞ்சியிருந்தது. அதனால் எங்கள் பக்கத்தில் பள்ளிக்கூடம் போன பிள்ளைகளுக்கெல்லாம் அவசர அவசரமாகத் தாலி ஏறியது. முதலில் மச்சான்மார் முடிந்தார்கள், பிறகு தூரத்துச் சொந்தங்கள் முடிந்தார்கள், பிறகு பெண்சாதி செத்த கிழவர்களும் முடிந்து, கடைசியில் ஊரில் கட்டிக்கொடுக்க ஓர் ஆம்பிளை மிச்சமில்லாமல் அம்மாமார் சந்தியில் நின்று ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள்.

அந்தச் சந்தியில்தான் செபமாலை அண்ணையின் ஸ்ரூடியோ இருந்தது. அதன் கண்ணாடி அலுமாரிக்குள் கோட்டும் கழுத்துப்பட்டியும் போட்ட ஒருவரின் முழு உருவப் படம் சமாதான காலம் தொட்டு நின்றது. வெளிநாட்டுக் கல்யாணப் பேச்சுக்கு அனுப்பவென்று மோட்டார் சைக்கிளில் வந்து எடுத்தவராம், பிறகு படத்தை வாங்க வரவேயில்லை, பெயரும் தெரியாது ஊரும் தெரியாது. இடது கையைப் பூச்சாடி வைத்த முக்காலி ஒன்றின்மேல் வைத்துக்கொண்டு, நிமிர்ந்து, யாரோ நல்ல செய்தி சொல்லப்போகிறார்கள் என்று காத்திருக்கும் முகத்தோடு நிற்பார். என் வகுப்பில் படித்த கஜனியின் அம்மா தெய்வானை மாமிதான் முதலில் கேட்டவர்.

"செபமாலை, உந்த ஆளுக்குப் பக்கத்தில என்ர பிள்ளையை நிப்பாட்டித் தாவன்."

செபமாலை அண்ணை கெட்டிக்காரர். முக்காலியைக் கத்தரித்து எடுத்துவிட்டு, அந்த இடத்தில் சேலை உடுத்தி மாலை போட்ட கஜனியை ஒட்டி, ஒட்டியதை மறுபடி படம் பிடித்து, கழுவி, சட்டம் போட்டுக் கொடுத்தார். மஞ்சள் கயிற்றில் ஒரு மஞ்சள் துண்டைக் கட்டிக் கஜனியின் கழுத்தில் அவளுடைய அம்மாவே போட்டுவிட்டார். மாப்பிள்ளை லண்டனில், சண்டை முடிய வந்து கூட்டிக்கொண்டு போவார் என்பது கதை. அடுத்தநாள் ஸ்ரூடியோ வாசலில் சேலை உடுத்திய பிள்ளைகள் வரிசையில் நின்றோம். முக்காலி போன பிறகு அவருடைய இடது கை பத்தொன்பது படத்திலும் அந்தரத்தில் தொங்கியது, எங்களில் ஒருத்தியின் தோளிலும் அது படவில்லை. அக்கா அதைப் பார்த்துச் சிரித்தாள்.

"வெக்கப்படுறார் போல. பத்தொன்பது பேரைக் கட்டேக்க வராத வெக்கம் இப்ப வந்திட்டுது."

இசைநிலா என்பவள்தான் எங்கள் பக்கத்துப் பிள்ளைகளை இயக்கத்துக்குப் பிடிக்க வருகிறவள். இருபத்திரண்டு வயதிருக்கும், வலது காலை இழுத்து நடப்பாள், வெள்ளைப் பிக்கப்பை ஒழுங்கை முனையில் விட்டுவிட்டு வீடு வீடாக ஏறி இறங்குவாள். முதல் வீட்டில் படத்தைப் பார்த்துத் 'திருமணமானவர்' என்று கொப்பியில் எழுதினாள். இரண்டாவது வீட்டில் எழுதுவதற்கு முன் கொஞ்சம் நின்றாள். எங்கள் வீட்டில் ஒரே ஆளின் இரண்டு படங்கள் பக்கத்துப் பக்கத்தில் தொங்கின. அம்மா எங்களைத் தனக்குப் பின்னால் இழுத்து நிறுத்தினார். அப்பா இரண்டு வருடத்துக்கு முன் ஷெல் விழுந்து போனபிறகு அம்மாவுக்கு நாங்கள் இரண்டு பேரும்தான். இசைநிலா கிட்டப் போய் அவரை நெடுநேரம் பார்த்தாள், அவரும் அவளைப் பார்த்துக்கொண்டு நின்றார், பிறகு அவள் கொப்பியை மூடினாள்.

"அம்மா, இந்த ஆள் படத்தில நிக்கும்வரைக்கும் இந்தப் பிள்ளையளில நாங்கள் கை வைக்க மாட்டம். ஆள் இல்லையெண்டால் அதுக்குப் பிறகு கதை இல்லை. எல்லா வீட்டுக்கும் சொல்லிவிடுங்கோ."

அவள் ஏன் அப்படிச் சொன்னாள் என்று நான் இன்றைக்கும் யோசிக்கிறேன். இரக்கப்பட்டாளோ, நக்கல் அடித்தாளோ தெரியாது. சொன்ன சொல்லில் மட்டும் நின்றாள்.

பங்குனியில் ஒரு காலை படத்துக்குத் தூசு தட்டிய அக்கா அவருடைய சப்பாத்தில் சேறு இருப்பதைக் கண்டாள். அம்மா வந்து கண்ணாடியைத் துடைத்தார், போகவில்லை, சேறு உள்ளே இருந்தது. மற்ற வீடுகளிலும் போய்ப் பார்த்தால் எல்லாப் படத்திலும் அதே சேறு, எங்கள் குளத்தடிக் கறுத்தச் சேறு. செபமாலை அண்ணையைக் கேட்டோம். "நான் ஒட்டேக்க துப்புரவாத்தான் இருந்தது. இறங்கி நடந்திருப்பார்," என்றார். ஊரில் எல்லாரும் தலையாட்டினார்கள், எல்லாரும் இடம்பெயர்ந்து நடந்த காலத்தில் அவர் மட்டும் எத்தனை நாளைக்குத்தான் நிற்பார் என்று பேசிக்கொண்டு அவரவர் வேலைக்குப் போனோம்.

சித்திரையில் ஒரு வெள்ளிக்கிழமை காலை பத்து மணிக்குத் தெய்வானை மாமி வேலிக்கு மேலால் எட்டி, தங்கள் வீட்டு மருமகன் படத்துக்குள் குப்புற விழுந்து படுத்திருக்கிறார், உங்கள் வீட்டிலும் அப்படியோ என்று கேட்டார். போய்ப் பார்த்தோம். அப்படித்தான் கிடந்தார், கோட்டோடு, இரண்டு கையாலும் தலையைப் பொத்திக்கொண்டு. பக்கத்தில் மாலையும் சேலையுமாக நானும் அக்காவும் ஒன்றும் நடக்காததுபோல் நின்றுகொண்டிருந்தோம். அரை மணித்தியாலம் கழித்துக் கிபிர் விமானம் வந்து குளக்கட்டில் நாலு குண்டு போட்டுவிட்டுப் போனது. அது போனபின் அவர் எழும்பிக் கோட்டைத் தட்டிவிட்டுப் பழையபடி நின்றார்.

அதன்பிறகு ஊருக்கு அவர்தான் மணி. படத்துக்கு முன்னால் எப்போதும் ஒரு ஆள் இருக்கவேண்டும் என்று முறை வைத்தோம். அவர் படுத்தால் தட்டத்தில் தட்டுவோம், எல்லாரும் வளவில் வெட்டிய பங்கர்க் குழிக்குள் இறங்குவோம், அவர் எழும்பியதும் ஏறி வருவோம். பள்ளிக்கூட அதிபர் ஒரு பிள்ளையின் படத்தைக் கேட்டு வாங்கித் தன் கந்தோர் அறையில் மாட்டியபிறகு வகுப்புகள் திரும்பத் தொடங்கின, கணக்குப் பாடத்தின் நடுவில் அவர் படுத்தால் கணக்கை அப்படியே விட்டுவிட்டு ஓடுவோம். ஐயர் பூசை நேரத்தை அவரைப் பார்த்து வைத்தார். கிராம சேவகர் முதலில் மறுத்து, பிறகு தன்னுடைய பிள்ளையும் அதே அவரைத்தான் கட்டியிருக்கிறாள் என்பதை யோசித்து, நிவாரண அட்டையில் அவருக்கும் ஒரு பங்கு மாவைப் போட்டுக்கொடுத்தார். அந்த மூன்று மாதத்தில் எங்களைச் சுற்றியிருந்த ஊர்களில் சாவு விழாத வீடில்லை, எங்களிடம் ஒரு ஆடு மட்டும்தான் செத்தது.

நாங்கள் பத்தொன்பது பேரும் அவரைப் பற்றிக் கதைத்த கதையைக் கேட்டால் உங்களுக்குச் சிரிப்பு வரும். "எடியே, உங்கட வீட்டில மனிசன் இண்டைக்குச் சவரம் எடுத்தவரோ? எங்கட வீட்டில தாடியோட நிக்கிறார்," என்று கஜனி கேட்பாள். தாடி எல்லா வீட்டிலும்தான் இருந்தது. அம்மாமார் முதலில் பகிடியாகவும் பிறகு பகிடி இல்லாமலும் அவருக்குச் சோறு படைத்தார்கள். படைத்த சோறு குறையாது, ஆனால் எடுத்துச் சாப்பிட்டால் உப்பு இருக்காது. உப்பை மட்டும் எடுத்துக்கொண்டார்.

ஆடியில் சண்டை எங்கள் பக்கமே வந்தது. ஒரு நாளைக்கு ஆறு தரம், ஏழு தரம் படுத்தார், பத்தொன்பது படத்திலும் படுத்துப் பத்தொன்பது படத்திலும் எழும்பினார். எழும்ப ஒவ்வொரு தரமும் அதிக நேரம் எடுத்தது. கோட்டு முழங்கையில் கிழிந்தது, கழுத்துப்பட்டி காணாமல் போய்ப் பிறகு பார்த்தால் அதை வலது காலில் கட்டியிருந்தார், கன்னம் ஒட்டியது. கண் எங்களைப் பார்ப்பதை விட்டு ஒரு பக்கமாகத் திரும்பிவிட்டது. பிறகு கண்போன பக்கத்துக்கே அவரும் நகரத் தொடங்கினார். ஒரு நாள் பார்த்தால் தோள் சட்டத்துக்கு வெளியே போயிருக்கும், அடுத்தநாள் பாதி நெஞ்சு போயிருக்கும். தெய்வானை மாமி வீட்டில் ஒரு முழங்கையும் ஒரு சப்பாத்தும்தான் மிச்சம்.

இசைநிலா சொன்ன சொல் எல்லாருக்கும் நினைவிருந்தது. அம்மாமார் சட்டத்தில் கறுப்புக் கயிறு கட்டினார்கள், நேர்த்தி வைத்தார்கள், படத்துக்கு முன்னால் இருந்து கெஞ்சினார்கள். ஒரு வீட்டில் கோபம் வந்து ஏசியும் பார்த்தார்கள். ஒருவருக்கொருவர் தெரியாமல் உப்பைக் கூட்டிப் போட்டார்கள், ஒரு பிடி உப்பை அப்படியே வைத்தவர்களும் உண்டு. இரவல் கேட்டால் இல்லை என்றார்கள். அதுவரைக்கும் ஒரே மருமகனுக்கு மாமிமாராக இருந்தவர்கள் ஒருவர் வீட்டுக்குள் ஒருவர் எட்டிப் பார்த்து, அங்கே அவர் எவ்வளவு மிச்சம், இங்கே எவ்வளவு மிச்சம் என்று அளக்கத் தொடங்கினார்கள். என் அம்மாவும் அளந்தார்.

அம்மாவுக்குத்தான் நாலாஞ்சடங்கு ஞாபகம் வந்தது. கல்யாணம் முடிந்த நாலாம் நாள் மாப்பிள்ளையையும் பொம்பிளையையும் தலைக்குத் தோயவார்த்து, பெண்வீட்டில் இருத்தி, மச்சம் மாமிசம் சமைத்து ஒரே இலையில் சாப்பாடு போடுவது எங்கள் பக்கத்து வழக்கம். எங்கள் பத்தொன்பது கல்யாணத்தில் ஒன்றுக்குக்கூட யாரும் அதைச் செய்யவில்லை. கல்யாணமே பொய் என்று எல்லாரும் நினைத்திருந்தோம், பொய்க் கல்யாணத்துக்கு யார் கோழி அடிப்பார்கள்.

"நாலாஞ்சடங்கு முடியாத மாப்பிள்ளை விருந்தாளிதான் பிள்ளையள். அதுதான் வெளிக்கிடப் பாக்கிறார். செய்துபோட்டால் வீட்டு ஆள்," என்றார் அம்மா.

"அப்ப எல்லாருக்கும் சொல்லுவம் அம்மா," என்றாள் அக்கா.

"எல்லாருக்கும் சொன்னால் எல்லாருக்கும் முழங்கைதான் மிஞ்சும்."

இதைச் சொன்னபோது அம்மா எங்கள் முகத்தைப் பார்க்கவில்லை. அம்மாவைத் திட்ட எனக்கு உரிமை இருக்கிறது, இத்தனை வருடமாகத் திட்டித்தான் வருகிறேன். ஆனால் அந்த இடத்தில் நின்றிருந்தால் நானும் அதைத்தான் செய்திருப்பேன் என்பதையும் சேர்த்தே திட்டுகிறேன்.

மூத்தவளுக்குத்தான் முதலில் செய்யவேண்டும். ஆனால் அன்றைக்கு அக்காவுக்கு மாதத் துடக்கு, சடங்குக்கு இருக்க முடியாது. மூன்று நாள் பொறுக்கவும் முடியாது, எங்கள் வீட்டில் அவர் அரை ஆளாகத்தான் நின்றார். அம்மா அடுப்படிக்கும் முன்னறைக்குமாக நடந்தார், நடந்து நடந்து ஒரு முடிவுக்கு வந்தார். இரண்டு பேருக்கும் ஒரே மனிசன்தானே, வீட்டுக்கு ஆள் வந்தால் போதும், ஆருக்குச் செய்தாலும் ஒன்றுதான் என்றார். பின்பக்கத்து ஒத்தாப்புக் கொட்டிலில் விலகியிருந்த அக்காவும் அங்கிருந்தபடியே சொன்னாள்.

"சின்னவளை இருத்துங்கோ அம்மா. எனக்குப் பிறகு பாப்பம்."

முன்கதவைச் சாத்திவிட்டு, கடைசியாக மிஞ்சியிருந்த சேவலை அடித்துச் சமைத்தார் அம்மா. எனக்குத் தலைக்கு வார்த்து, அக்காவின் சேலையை உடுத்தி, பாயில் இருத்தி, என் படத்தை நிவாரண மாமூட்டையில் சாய்த்துப் பக்கத்தில் வைத்தார். ஒரு வாழை இலையில் எங்கள் இரண்டு பேருக்கும் பரிமாறினார். ஐந்து மாதத்துக்குப் பிறகு கோழி. நான் அவரையும் மறந்து அக்காவையும் மறந்து சாப்பிட்டேன், எலும்பையும் கடித்துச் சாப்பிட்டேன். சாப்பிட்டு நிமிர்ந்தபோது அவர் சட்டத்துக்குள் முழுதாக வந்து, நிமிர்ந்து நின்று, அந்த இடது கையை என் தோளில் வைத்திருந்தார்.

அம்மா அழுதுகொண்டு கைகூப்பினார். பிறகு சுவரில் தொங்கிய அக்காவின் படத்தைப் பார்த்தார். அக்கா மாலையோடு தனியாக நின்றாள். அவர் நின்ற இடத்தில் ஸ்ரூடியோத் திரை மட்டும் இருந்தது, அதில் ஒரு மடிப்புக்கூட இல்லை.

முதலில் கஜனி வீட்டில் சத்தம் கேட்டது. பிறகு அடுத்த வீட்டில், பிறகு ஒழுங்கைக்கு அந்தப் பக்கத்தில், பிறகு குளத்தடியில். வீடு வீடாகத் தட்டம் விழுந்தது, கதவு திறந்தது, பெண்கள் பேர் சொல்லிக் கத்தினார்கள். அம்மா இன்னொரு இலையை எடுத்துப் போட்டு, துடக்கைப் பார்க்காமல் அக்காவை இழுத்து வந்து இருத்தி, மிச்சக் கறியை வைத்து, "சாப்பிடுங்கோ தம்பி, இவளும் உங்கட ஆள்தான், மூத்தவள்," என்று படத்தில் இருந்த வெறும் திரையைப் பார்த்துச் சொல்லிக்கொண்டேயிருந்தார். அக்கா ஒரு வாய்கூட எடுக்கவில்லை.

தெய்வானை மாமி கதவைத் தட்டவில்லை, திறந்துகொண்டு வந்தார். இலையைப் பார்த்தார், எலும்பைப் பார்த்தார், என் தோளில் இருந்த கையைப் பார்த்தார்.

"நாலாஞ்சடங்கு செய்தனீங்களோ."

அம்மா தலையை ஆட்டினார்.

"எங்களுக்கும் ஒரு சொல்லுச் சொல்லியிருக்கலாம்," என்றுவிட்டு மாமி திரும்பிப் போனார். அதற்குமேல் அவர் ஒன்றும் சொல்லவில்லை, ஊரிலும் யாரும் சொல்லவில்லை. அவர்கள் ஏசியிருந்தால் எங்களுக்கு நன்றாக இருந்திருக்கும்.

மூன்றாம் நாள் காலை பிக்கப் வந்தது, பின்னால் ஒரு லொறியும் வந்தது. இசைநிலா ஒவ்வொரு வீட்டிலும் படத்தை மட்டும் பார்த்தாள். எங்கள் வீட்டில் அம்மா என் படத்தைக் கழற்றி நெஞ்சோடு பிடித்துக்கொண்டு வாசலில் நின்றார்.

"பிள்ளை, இரண்டு பேருக்கும் ஒரே மனிசன்தான். இந்தா நிக்கிறார் பார்."

"அப்ப மற்றப் படத்தில ஏனம்மா இல்லை?"

நான் சொல்லியிருக்கலாம், படத்தில் நிற்பது அக்காதான், நான்தான் தனி ஆள் என்று. எங்கள் இரண்டு பேருக்கும் ஒரே முகவெட்டு, இசைநிலா நம்பியும் இருப்பாள். வாய் வரவில்லை. பயத்தால் வரவில்லை என்று மற்றவர்களிடம் சொல்வேன், பயத்தோடு ஒரு சந்தோசமும் இருந்தது என்பதை இங்கே மட்டும் சொல்கிறேன். அக்கா கழுத்து மஞ்சள் கயிற்றைக் கழற்றி என் கையில் வைத்தாள்.

"வைச்சிரு. மனிசன் ஆரிட்டை இருக்கப்போறன் எண்டு தானே சொல்லிப்போட்டார்," என்று சிரித்தாள். என்னில் கோபம் இல்லை என்று காட்டத்தான் சிரித்தாள். அவளும் கஜனியுமாகப் பதினெட்டுப் பேர் லொறியில் ஏறினார்கள். எல்லாருக்கும் என்னைத் தெரியும், எல்லாரும் என்னைப் பார்த்துக்கொண்டுதான் போனார்கள்.

இனி ஊரில் அவர் இருந்த வீடு எங்களுடையது மட்டும்தான், கிபிர் வருவதை அறிய வேறு வழியும் இல்லை. மறுநாள் விடிந்ததும் தெய்வானை மாமி வந்து எங்கள் முன்னறையில் படத்துக்கு எதிரே இருந்தார். அவருக்குப் பின் மற்ற அம்மாமார் ஒவ்வொருவராக வந்து இருந்தார்கள். பொழுதுபடும்வரை என் புருசனைப் பார்த்துக்கொண்டிருப்பார்கள், அவர் படுத்தால் எழும்பிப் பங்கருக்குப் போவார்கள், திரும்பி வந்து தங்கள் தங்கள் இடத்தில் இருப்பார்கள். அம்மா அவர்களுக்கு வெறுந்தேத்தண்ணி ஊற்றிக் கொடுப்பார். குடிப்பார்கள். எங்கள் வீட்டில் பதினேழு பெண்கள் இருந்தார்கள், மூச்சுச் சத்தம்தான் கேட்கும். அம்மா மட்டும் அவர்களோடு இருக்காமல் கதவு நிலையோடு நின்றபடியே அந்த நாட்களைக் கழித்தார்.

முதல் சவப்பெட்டி கஜனி வீட்டுக்கு வந்தது. திறக்கவேண்டாம் என்றார்கள். புதைத்துவிட்டு மாமி வந்து தன் இடத்தில் இருந்தார். பிறகு ஒரே நாளில் மூன்று பெட்டி, பிறகு ஒன்று, பிறகு ஐந்து. புரட்டாதியில் எங்கள் வீட்டுக்கும் வந்தது. அக்காவைப் புதைத்துவிட்டு வந்த அம்மா அன்று கதவடியில் நிற்கவில்லை. முன்னறைக்குள் வந்தார். தெய்வானை மாமி கொஞ்சம் அரக்கி இடம் விட்டார், அம்மா அவருக்குப் பக்கத்தில் இருந்தார், மாமி அம்மாவின் மடியில் கையை வைத்தார். அதைப் பார்த்தபோதுதான் நான் வாய்விட்டு அழுதேன்.

அடுத்தநாள் காலை ஒன்பது மணியிருக்கும். படத்தில் அவர் என் தோளிலிருந்து கையை எடுத்தார், முழங்காலை மடித்தார், விழுந்து படுத்தார். எல்லாரும் பார்த்தார்கள். நான் தட்டத்தில் தட்டிவிட்டு வாசலுக்கு ஓடித் திரும்பிப் பார்த்தேன், ஒருத்தரும் எழும்பவில்லை. இன்னும் ஒரு தரம் தட்டினேன். தெய்வானை மாமி தேத்தண்ணிக் கோப்பையைச் சரித்து அடியில் இருந்ததைக் குடித்தார். அம்மாவின் கையைப் பிடித்து இழுத்தேன். அம்மா என் கையை மெல்ல விலக்கி, கலைந்திருந்த என் தலைமுடியை ஒதுக்கிவிட்டார்.

"நீ போ பிள்ளை. உனக்கு மனிசன் இருக்கு."

நான் போனேன். அப்பா பன்னிரண்டு பேருக்கென்று வெட்டிய பங்கர் அது, எந்த நாளும் முழங்காலைக் கட்டிக்கொண்டு ஒருவரை ஒருவர் நெருக்கித்தான் இருப்போம், அக்காவின் முழங்கை என் விலாவில் குத்தும், தள்ளியிரு என்று சண்டை பிடிப்பேன். கிபிர் வந்து முதல் தரம் சுற்றியபோது எனக்குக் கால் உளைந்தது. இரண்டு காலையும் நீட்டினேன், ஒருவரிலும் படவில்லை.